கடை திறந்திருக்கும் வரை

நீலச் சட்டைக்காரன் வியாழன் மாலை வந்தான்,
கலங்கரை விளக்கத்துக்குப் பின்னால்,
கயிற்றில் இரண்டு லாமாக்களோடு.
நான் கேரட் பிடுங்கிக்கொண்டிருந்தேன்.
போட்டது போட்டபடி ஓடினேன்.

ஏழு வாரத்துக்கு முன்,
பாரென்ட்ஸ் கடலுக்குக் கப்பல் ஏறிய அன்று
ரூனி சொல்லிவிட்டுப் போனான்:
"விளக்கைக் கட்டியாயிற்று, மர்யுன்.
காவலுக்குத்தான் ஆள் இல்லை.
ஊர்க்காரர்கள் இரவில் வெளியே வர மாட்டார்கள்.
அந்த நாடோடி வியாபாரி வந்தால்
நான் வரும்வரை பிடித்து வை."

பிடித்து வை. எவ்வளவு சுலபமாகச் சொன்னான்.

முதலாமவனை வேலிக்குள் அடைத்தேன்.
இருட்டியதும் எதையோ குடித்து
உருவம் கலைந்து போனான்.
விடிந்ததும் பாலைக் குடித்து
மீண்டும் முகமானான்.
அதற்கடுத்த விடியலில்
பால் குடிக்க ஆளே இல்லை.
லாமா என்மேல் துப்பியது.

இரண்டாமவனுக்குப் பெயர் வைத்தேன்.
அந்த உலகில் பூதத்துக்குக்கூட
பெயர் எழுதிய சீட்டை ஒட்டிவிட்டால்
போகாமல் நிற்கும்.
இவனுக்கு அது செல்லாது என்று யார் கண்டது?
நாற்பது நிமிடம்தான் விதித்திருக்கிறது.
ஓலி என்ற பெயரோடே ஓலி போனான்.

போவதற்கு முன்னால் ஒன்று நடந்தது.
அவன் கடையைத் திறந்தபடி மறந்துவிட்டு
அம்மாவுக்குக் கையுறை கொடுக்க
மீன் ஆலைக்குப் போயிருந்தேன்.
இரண்டு மணி நேரம்.
வந்து பார்த்தால் அதே இடத்தில் நிற்கிறான்,
மூக்கு நீண்ட அதே முகம்.
கடையை மூடினேன்.
ஒன்பதாவது நிமிடம் காணாமல் போனான்.

விலை கேட்டுக்கொண்டிருக்கும்வரை
அவன் கடிகாரம் ஓடாது.

ஆகவே இவனை, மூன்றாமவனை,
தரையிலேயே ஒரு படகைப் போட்டு அதில் உட்காரவைத்தேன்.
சுற்றிலும் கல் அடுக்கினேன்.
கடையைத் திறந்தேன்.

எங்காவது தூரம் போய்விட்டால் நிலமே தூங்கிவிடும்,
நிலத்தோடு அவனும் தூங்குவான், அது தெரியும்.
ஆனால் எங்கள் உலகம் நால்வருக்குப் பொது.
சித்தி மகன்கள் பார்த்தாலும் ஹோக்னியும்
இரவு பகலாக விளக்கின் அடியிலேயே
சுரங்கம் தோண்டுகிறார்கள்.
அவர்கள் விழித்திருக்க நிலம் எப்படித் தூங்கும்?
வேறெங்காவது தோண்டுங்களேன் என்றேன்.
வைரம் கிடைத்துவிட்டது என்றார்கள்.

சிவப்பு மணல், ஒரு பச்சைக் கல்.
கொப்பளிக்கும் மீன் ஒரு வாளி, ஐந்து.
நீலப் பவளம், மூன்று.
வியாழன் இரவு முழுக்க இதையே படித்தேன்.
வெள்ளி காலை பள்ளிக்குப் போகும்போது
கன்ட்ரோலரைக் காலுறைக்குள் வைத்து
சோபாவுக்கு அடியில் தள்ளினேன்.
பூனையை வெளியே விட்டுக் கதவைச் சாத்தினேன்.
கணக்கு வகுப்பில்
கிளாக்ஸ்விக் முழுவதும் மின்சாரம் போவதாக
மூன்று தடவை நினைத்தேன். போகவில்லை.

வெள்ளி இரவு காற்று மாறியது.
கப்பல் சனி மதியம் என்றார்கள்,
பிறகு சனி இரவு,
பிறகு அம்மா தொலைபேசியைப் பார்ப்பதை நிறுத்திவிட்டு
உருளைக்கிழங்கை மறுபடி சுடவைத்தாள்.

ஞாயிறு, மூன்றரை மணி.
டீசல் வாசனையோடு உள்ளே வந்தான்.
தாடி. கட்டைவிரலில் கட்டு.
பையைக்கூடக் கழற்றாமல் திரையைப் பார்த்தான்.
"நிற்கிறானா?"
"நிற்கிறான்."
"எத்தனை நிமிடம் மிச்சம்?"
"பத்து, பன்னிரண்டு இருக்கும். மூடாதே."

என் பக்கத்தில் உட்கார்ந்தான்.
கன்ட்ரோலரை வாங்கி
ஒவ்வொரு பொருளாக மேலும் கீழும் நகர்த்தினான்,
சந்தையில் வாங்கப்போகிறவன் மாதிரி.
பவளம் என்ன நீலம், பார், என்றான்.
வலையில் வரும்போது இப்படி இருக்காது என்றான்.
அடுத்த பயணம் புதன்கிழமை என்றான்,
அதையும் விலை சொல்வதைப் போலவே.
பிறகு தலை சாய்ந்தது.
கட்டுப் போட்ட விரல் பொத்தான்மேலேயே இருந்தது.

அம்மா விளக்கணைக்க வந்தாள்.
தூங்கும் மகனைப் பார்த்தாள்,
எரியும் திரையைப் பார்த்தாள்,
அணைக்கக் கை நீட்டினாள்.

அணைக்காதே அம்மா என்றேன் மெல்ல.
நாங்கள் இன்னும் எதுவும் வாங்கவில்லை.